அப்பன்கை

இருக்கிறது. இருக்கும். இல்லாமல் எங்கே போகும்? விடிகாலையில் நெற்றிப்பாறையில் நின்று இரண்டு கையிலும் வாங்கியது. வாங்கும்போது முழங்கை வரை இதமாக ஏறியது. பக்கத்தில் நின்ற பாறைக்காவலர்கூட, "நல்லா விழுந்திருக்குப்பா, கட்டிக்க" என்றார். அவருக்குப் பொய் சொல்ல என்ன அவசியம்? கறுப்புக் கம்பளித் துணியை மணிக்கட்டு வரை சுற்றி, முடிச்சைப் பல்லால் இழுத்து இறுக்கி, கையை நெஞ்சுக்கு நேரே தூக்கிப் பிடித்துக்கொண்டு இறங்கினேன். அதுவரைக்கும் ஒரு குறையும் இல்லை. குறையெல்லாம் அதற்குப் பிறகுதான். இப்போது பேறுமனையின் நடைவழியில், கால் ஆடும் இந்த மரப் பெஞ்சில், மடிமேல் இரண்டு கறுப்புப் பொட்டலங்களாக என் கைகள் கிடக்கின்றன. கதவுக்கு அந்தப் பக்கம் என் மனைவி வேரி. அவள் முனகல் கேட்கிறது, நிற்கிறது, மறுபடி கேட்கிறது. நடுவில் மருதியக்காவின் அதட்டல். இந்த ஊரில் பாதிப் பேரை வெளியே இழுத்துப் போட்ட கை அந்த அக்காவுடையது, வேரியைப் பற்றிப் பயமில்லை. பிள்ளை வந்ததும் என்னைக் கூப்பிடுவார்கள். நான் உள்ளே போய்க் கட்டை அவிழ்த்து அதன் வயிற்றில் இரண்டு உள்ளங்கையையும் வைக்க வேண்டும். பாறையில் வாங்கிய பால்வெளிச்சம் என் கையிலிருந்து அதற்குள் இறங்கும், என் கை மரத்துப்போகிற அளவுக்குச் சில்லிடும், அவ்வளவுதான், அதன் பிறகு அந்த உடம்பு ஆயுசுக்கும் தன் சூட்டைத் தானே பார்த்துக்கொள்ளும். எந்தப் பனிக்கும் பயப்பட வேண்டாம். ஒரு தகப்பன் செய்ய வேண்டிய முதல் வேலை, சிலர் கணக்கில் ஒரே வேலை. கையில் வெளிச்சம் இருந்தால். இருக்கிறதா? ஒரே ஒரு தடவை அவிழ்த்துப் பார்த்தால் தெரிந்துவிடும். அவிழ்க்கக் கூடாது. காற்றுப் பட்டால் கரைந்துவிடும்.

தெரியாமல் செய்திருந்தால் மனசு ஆறும். எல்லாம் தெரிந்துதான் செய்தேன். முதல் தடவை அவிழ்த்தது மலையடியில், ஆளில்லாத திருப்பத்தில். சும்மா ஒரு ஓரத்தைத் தூக்கிப் பார்ப்போம், கண் இமைக்கிற நேரத்துக்கு என்ன கரைந்துவிடப் போகிறது என்று. என்ன அழகு. விரல் இடுக்கெல்லாம் தளும்பிக்கொண்டு, கறந்த பாலுக்கு நீலம் சேர்த்த மாதிரி, என் கைதானா என்று இருந்தது. இது போதும் என்று கட்டினேன். கட்டினதும், கட்டு முன்போல இறுக்கமாக இல்லையோ என்று வந்தது. பாலம் வரைக்கும் அதே நினைப்பு. பாலத்தடியில் இறங்கி அவிழ்த்தேன், கட்டு சரியா என்று பார்க்க. வெளிச்சம் முன்னைவிடக் குறைச்சலாகத் தெரிந்தது. குறைந்துவிட்டதா, அல்லது பொழுது ஏறிவிட்டதால் அப்படித் தெரிகிறதா? அதைத் தெரிந்துகொள்ள மாவுமில்லுக்குப் பின்னால் நிழலில் நின்று இன்னொரு தடவை. இங்கே வந்து சேர்ந்ததும், வாசலில் கைகழுவும் அறைக்குள் தாழ்ப்பாளை முழங்கையால் தள்ளிவிட்டு இன்னொரு தடவை. ஒவ்வொரு தடவையும், முந்தின தடவையில் எவ்வளவு போனது என்று பார்க்கத்தான் அவிழ்த்தேன். உலகத்தில் இப்படி ஒரு முட்டாள் உண்டா? கடைசியாகப் பார்த்தபோது விரல் நுனிகளில் மட்டும் ஏதோ மினுங்கியது. உள்ளங்கை இருட்டாக இருந்தது. ஆனால் வெயிலிலிருந்து நேராக உள்ளே வந்த கண் அது, வெயிலிலிருந்து வந்த கண்ணுக்கு எதுதான் தெரியும்? இருந்திருக்கும். உள்ளங்கையிலும் இருந்திருக்கும், எனக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான். கடைத்தெருவில் எப்படி வழி விட்டார்கள். "அப்பன்கை வருது, அப்பன்கை வருது, ஒதுங்குங்க!" வண்டிக்காரன் மாட்டை இழுத்துப் பிடித்தான், மீன்கூடைக்காரி கூடையோடு சாக்கடைக்குள் இறங்கி நின்றாள், யாரோ ஒருவர் தன் நாயை இரண்டு கையாலும் அணைத்துக்கொண்டார், நான் என்னவோ ஊரையே தூக்கிக்கொண்டு வருகிறவன் போல நிமிர்ந்து நடந்தேன். எதற்கு வழி விட்டார்கள்? எதைத் தூக்கிக்கொண்டு வந்தேன்?

வேரி சொல்லத்தான் சொன்னாள். வலி எடுத்து, சுவரைப் பிடித்துக்கொண்டு, வியர்வை சொட்டச் சொட்ட நின்றவள், நான் கம்பளித் துணியை எடுத்துக்கொண்டு கிளம்பும்போது, "யோவ், இன்னிக்கு ஒரு நாள் மட்டும் திறந்து திறந்து பாக்காதய்யா, உனக்குப் புண்ணியமாப் போகும்" என்றாள். சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். சோற்றுப் பானை மூடியை எத்தனை தடவை திறப்பேன் என்று அவளுக்குத் தெரியும். "ஆவியெல்லாம் உன் மூஞ்சிக்கே போகுது, அரிசி என்னத்தை வேகும்?" என்பாள். பாதித் தெரு போய்விட்டுக் கதவைப் பார்க்கத் திரும்பி வருவேன், வாசலிலேயே உட்கார்ந்திருப்பாள், "பூட்டிருக்கு, போ" என்பாள். இதே குணத்துக்குப் பூட்டுக் கடையில் என்ன மரியாதை. சேந்தன் பார்த்த பூட்டு என்று என் பேரைச் சொன்னால் முதலாளி இரண்டாம் பேச்சுப் பேசாமல் வண்டியில் ஏற்றுவார். ஒரு பூட்டைத் திறந்து, மூடி, திறந்து, மூடி, இழுத்து, ஆட்டி, காதில் வைத்துக் கேட்டு. பூட்டுக்கு ஒன்றும் ஆகாது. எத்தனை தடவை திறந்தாலும் அது பூட்டாகவே இருக்கும். எனக்குத் தெரிந்த ஒரே வேலை அது, அந்த வேலையைக் கொண்டுபோய்ப் பால்வெளிச்சத்தில் காட்டியிருக்கிறேன். அவளிடம் என்ன சொல்வேன்? நீ சொன்னது ஞாபகம் இருந்தது வேரி, ஒவ்வொரு தடவை முடிச்சைப் பல்லால் கடிக்கும்போதும் உன் குரல் காதில் கேட்டது, கேட்டுக்கொண்டேதான் அவிழ்த்தேன் என்றா?

பெஞ்சின் மறுகோடியில் கொற்றன் உட்கார்ந்திருக்கிறான். கல்லுடைக்கிற ஆள், என்னைவிட வயதில் சின்னவன், இன்று பாறையில் எனக்குப் பக்கத்தில் நின்று வாங்கியவன். அவன் மனைவி அடுத்த அறையில். நடுவில் ஒரு ஆள் உட்காரும் இடம் விட்டிருக்கிறோம், வழக்கம் அப்படி. இரண்டு அப்பன்கை பட்டுக்கொள்ளக் கூடாது. பால்வெளிச்சம் மேட்டிலிருந்து பள்ளத்துக்கு ஓடுகிற தண்ணீர்தான், கூட இருக்கிற கையிலிருந்து குறைந்த கைக்கு ஓடும், இரண்டும் சமமானால்தான் நிற்கும். இவன் கால் நீட்டி, தலையைச் சுவரில் சாய்த்து, கட்டுப் போட்ட கைகளை வயிற்றில் வைத்துக்கொண்டு, கல்யாண வீட்டில் சாப்பிட்டு முடித்தவன் போல இருக்கிறான். எப்படி முடிகிறது? "என்னண்ணே, முதல் பிள்ளையா?" என்று வந்ததும் கேட்டான். ஆமாம் என்றேன். "எனக்கு இது மூணாவது. பயப்படாதீங்க. கட்டையே பாத்துக்கிட்டு இருந்தா என்ன தெரியப்போகுது? நல்லா விழுந்துச்சா?" நல்லா விழுந்தது என்றேன், நிறைய என்றேன். கேட்காததற்கும் சேர்த்துச் சொன்னேன், முழங்கை வரைக்கும் என்றேன். "எனக்கும்தாண்ணே. இன்னிக்குப் பாறை சும்மா கொட்டிருச்சு. மூத்தவன் பொறந்தப்ப இப்படி இல்ல. மேகம் வேற, உள்ளங்கை நனையக்கூட விழல. இதே பெஞ்சுலதான் உக்காந்திருந்தேன். பக்கத்துல யாரோ ஒருத்தரு, பேருகூடத் தெரியாது. அண்ணே, எங்கிட்ட இல்ல, கொஞ்சம் குடுங்கன்னேன். ஒரு வார்த்தை பேசல மனுசன், கட்டை அவுத்து நீட்டிட்டாரு. பாதி வாங்கிக்கிட்டேன். அவரு பிள்ளையும் நல்லா இருக்கு, என் பிள்ளையும் நல்லா இருக்கு." சொல்லிவிட்டு என்னைப் பார்த்தான். சும்மா பார்த்தானா, எதையாவது கண்டுகொண்டு பார்த்தானா? கேட்காமல் யாரும் கொடுக்கக் கூடாது. கேட்காதவனை இன்னொருவன் கை நீட்டித் தொட்டால் அது கொடுப்பதற்கா பிடுங்குவதற்கா என்று யார் கண்டது, அதனால் அந்த வழக்கம். வாயைத் திறந்து கேட்க வேண்டும். நான், "அப்படியா, நல்லது" என்றேன். அவன் கண்ணை மூடிக்கொண்டான்.

கேட்டுவிடலாம். இப்போதே கேட்டுவிடலாம். கொற்றா, விழுந்தது நிஜம்தான், ஆனால் வழியெல்லாம் அவிழ்த்து அவிழ்த்துப் பார்த்துவிட்டேன், கொஞ்சம் கொடு. இவ்வளவுதானே, இதைச் சொன்னால் நாக்கு அறுந்தா விழுந்துவிடும்? ஆனால் ஒருவேளை இருந்தால்? என் கையில் இன்னும் நிறைய இருந்து, அவனைவிடக் கூடுதலாக இருந்து, நான் கையை நீட்டினால் என்னுடையது அல்லவா அவனுக்கு ஓடும்? என் பிள்ளைக்கு வைத்திருப்பதை எடுத்து அவன் பிள்ளைக்குக் கொடுத்தவன் ஆவேன். இல்லை என்று உறுதியாகத் தெரிந்தால் கேட்கலாம். உறுதியாகத் தெரிய வேண்டுமென்றால் பார்க்க வேண்டும். பார்த்தால், இருக்கிற கொஞ்சமும் போய்விடும். பார்க்காமல் கேட்டால் இருப்பது போகலாம். கேட்காமல் போனால், இல்லாத கையைக் கொண்டுபோய். இதை நினைக்காதே. பிள்ளை வெறுமனே வருவதில்லை, தாய்ப்பங்கு என்று தொப்புளில் ஒரு பொட்டு வெளிச்சத்தோடுதான் வரும், வெறுங்கையை வைத்தால் அந்தப் பொட்டு என்ன ஆகும் என்று நினைக்காதே. நாளைக்குப் போய் வாங்கிவரவும் முடியாது, பொழுது சாய்வதற்குள் பிள்ளையின் தோல் மூடிக்கொண்டுவிடும். அதற்குப் பிறகு யார் கை வைத்தாலும் ஒன்றுதான். என் தம்பி அப்படித்தான் மங்கலாகப் போனான். அடுப்புக்குப் பக்கத்தில் கூடையில் வைத்திருப்பார்கள், அம்மா இரவு பகலாகத் தவிட்டுப் பையைச் சூடாக்கிச் சூடாக்கி அவன் முதுகுக்குக் கீழே செருகுவாள். அவனைத் தொட்டால் ஆற்றங்கரைக் கூழாங்கல் மாதிரி இருக்கும். ஆனால் என்னைப் பார்த்தால் சிரிப்பான், என் மூக்கைப் பிடிப்பான். முதல் பனி இறங்கிய வாரம் கூடையைக் கழுவிக் கொல்லையில் கவிழ்த்துவைத்தார்கள். அப்பா அன்றைக்கு நாள் முழுக்கக் கையைக் கழுவிக்கொண்டிருந்தார். பாறை சரியாகச் சுரக்கவில்லை, அதற்கு அவர் என்ன செய்வார் என்று ஊர் சொன்னது. அவரும் ஒன்றும் மறுக்கவில்லை. ஆனால் சாகும் வரைக்கும் மூடிவைத்த எதையும் அவர் திறந்து நான் பார்த்ததில்லை, பானையை, பெட்டியை, எதையும். அம்மாவைத்தான் கூப்பிடுவார். இன்றைக்குத்தான் எனக்கு உறைக்கிறது. அப்பா, நீங்களும் பார்த்தீர்களா? எந்தத் திருப்பத்தில் நின்று பார்த்தீர்கள்? ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே.

அடுத்த அறையில் பிள்ளை அழுதது. கொற்றன் எழுந்துவிட்டான், அதற்குள் கதவும் திறந்துவிட்டது, "வா, வா, சீக்கிரம்" என்று யாரோ கூப்பிட, அவன் என்னைப் பார்த்துத் தலையை ஆட்டிவிட்டு உள்ளே போனான். கேள் என்று எனக்குள் ஒருவன் கத்துகிறான், கேட்க ஆள் இல்லை. சுவரில் காதை ஒட்டவைத்தேன். பிறகு, "பிடிச்சுக்கிச்சு! பிடிச்சுக்கிச்சு!" என்று பெண்கள் குரல், சிரிப்பு, கொற்றனின் மனைவி அழுதுகொண்டே எதற்கோ அவனைத் திட்டுவது. எனக்கு வயிறு எரிந்தது. அடுத்தவன் பிள்ளை பிழைத்ததற்கு வயிறு எரிகிற அளவுக்கு வந்துவிட்டேன். அவன் வெளியே வந்தான். கை இரண்டையும் விரித்துப் பிடித்து ஊதிக்கொண்டே வந்தான். "யப்பா, என்னா சில்லிப்பு, விரலை மடக்க முடியல" என்றான். கையில் இன்னும் வெளிச்சம் இருந்தது. பிள்ளையும் கையும் சமமாகிப் போனபிறகு மிஞ்சிய பாதி. பட்டப்பகலில், நடைவழியில், என் மூக்குக்கு நேரே, அவன் உள்ளங்கையில் தளும்பிக்கொண்டும் ஓரத்தில் புகைபோலக் கரைந்துகொண்டும் இருந்தது. "பெண் பிள்ளைண்ணே" என்றான். நல்லது என்றேன். கையைத் தொங்கவிடாமல் அப்படியே விரித்துக்கொண்டு நின்றான். தேவைக்கு மேல் நின்றான். "உங்களுக்கு ஒண்ணும்..." என்று ஆரம்பித்து நிறுத்தினான், அதற்கு மேல் வழக்கம் அவனை விடாது. நான் கேட்க வேண்டும். இவனிடம் முழங்கை வரைக்கும் என்று அளந்த வாயால் கேட்க வேண்டும். என் கட்டுக்குள் இதைவிடக் கூடுதலாக இருந்தால்? இதைவிடக் குறைவாக இருந்தால்? அவன் சுண்டுவிரல் அணைந்தது. மோதிரவிரல். நான் வாயைத் திறந்தேன், "கொற்றா" என்றும் சொல்லிவிட்டேன், அப்போது வேரி கத்தினாள், நான் கதவைப் பார்த்தேன், திரும்பி அவனைப் பார்த்தபோது அவன் கை வெறும் கல்லுடைக்கிறவன் கையாக இருந்தது. "என்னண்ணே?" என்றான். ஒன்றுமில்லை என்றேன். மனைவிக்குக் கஞ்சி வாங்கப் போனான்.

இருக்கும். இல்லாமல் போகாது. விரல் நுனியில் மினுங்கியதை நானே பார்த்தேன். விரல் நுனியில் இருந்தாலும் போதும், தாய்ப்பங்கைவிட ஒரு சொட்டுக் கூடுதலாக இருந்தால் போதும், ஓட்டம் இங்கிருந்து அங்கேதான். கொஞ்சம் மங்கலாக இருக்கட்டும், அடுப்பங்கரையிலேயே வளரட்டும், நான் தவிட்டுப் பை சூடாக்குகிறேன், ஆயுசு முழுக்கச் சூடாக்குகிறேன், பூட்டுக் கடையை விட்டுவிட்டு அதை மட்டும் செய்கிறேன். உயிரோடு இருந்தால் போதும். கை ஏதாவது சொல்கிறதா என்று கவனித்துப் பார்க்கிறேன். நிறைந்த கைக்கும் வெறுங்கைக்கும் கனத்தில் வித்தியாசம் இல்லை, யார் இப்படிப் படைத்தது? கொடுக்கும்போது குளிரும், வாங்கும்போது இதமாகும், வைத்திருக்கும்போது ஒன்றும் தெரியாது. கம்பளி அரிக்கிறது. முடிச்சின் வாலைப் பல்லில் கடித்திருக்கிறேன், எப்போது கடித்தேன்? துப்பினேன். கையை முட்டிக்கு நடுவில் வைத்து இறுக்கிக்கொண்டேன். மருதியக்கா, "இன்னும் ஒரு தடவை, இன்னும் ஒரே தடவைடி" என்றாள். இன்னும் ஒரே தடவை என்றுதான் நானும் ஒவ்வொரு தடவையும் சொன்னேன். பிள்ளையே, இப்போது வராதே. அங்கேயே இரு, அங்கே சூடாக இருக்கும், நாளைக்கு வா, நான் விடியும்போது மறுபடி மலை ஏறி, சத்தியமாகப் பார்க்காமல். அது அழுதது.

உள்ளே சாக்குத் திரை போட்டு இருட்டாக்கி வைத்திருந்தார்கள். கட்டிலும் வேரியும் இருப்பது கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தெரிந்தது. முதலில் தெரிந்தது அவள் நெஞ்சுமேல் ஒரு பொட்டு வெளிச்சம், வேர்க்கடலை அளவுக்கு, மூச்சுக்கு மூச்சு ஏறி இறங்கிக்கொண்டு. அதுதான் என் பிள்ளையின் தொப்புள். "பையன்" என்றாள் வேரி. குரலே இல்லை அவளுக்கு. "வந்துட்டியா? வா. உன்ன மாதிரியே மூஞ்சியச் சுருக்கிக்கிட்டு எல்லாத்தையும் பாக்குறான்யா." மருதியக்கா என் மணிக்கட்டு முடிச்சை அவிழ்த்துவிட்டு, அப்பன்கை விழும்போது பக்கத்தில் இன்னொரு கை இருக்கக் கூடாது என்பதால் சுவரோரமாக ஒதுங்கினாள். துணியை நானேதான் பிரிக்க வேண்டும், பிரித்த உடனே வைக்க வேண்டும், பார்க்காமல் வைக்க வேண்டும். இல்லை என்று சொல்லிவிடு. இப்போதாவது சொல்லிவிடு. வெறுங்கை என்று சொன்னால் அந்தப் பொட்டாவது அவனுக்கு மிஞ்சும், அதை வைத்துக்கொண்டு பனி வரைக்காவது. ஆனால் இருந்தால்? இருந்து, வைக்காமல் போனால்? வேரி சிரித்துக்கொண்டு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள், ஒரு சந்தேகமும் இல்லாமல். கண்ணை இறுக்க மூடிக்கொண்டு துணியை உதறி வைத்தேன். நடுவிரல்தான் முதலில் பட்டது. எவ்வளவு மெல்லிய வயிறு. சில்லிடும் என்று காத்திருந்தேன். சில்லிடு, சில்லிடு, கை உறைந்து உதிர்ந்தாலும் பரவாயில்லை. விரல் நுனியில் இதமாக ஏதோ ஏறியது. காலையில் பாறையில் ஏறிய அதே இதம். நன்றாக இருந்தது. ஐயோ, நன்றாக இருந்தது. வெடுக்கென்று இழுத்துக்கொண்டு கண்ணைத் திறந்தேன். அவன் தொப்புளில் அரை வேர்க்கடலை அளவுக்குத்தான் மிச்சம் இருந்தது. என் நடுவிரல் நுனியில் அதே அளவுக்கு இன்னொன்று. இரண்டும் சமம். இனிமேல் தொட்டாலும் இது திரும்பிப் போகாது. சுவரோரத்தில் மருதியக்கா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். வேரி தலையைத் தூக்க முடியாமல் தூக்கி, இருட்டில் மினுங்கிக்கொண்டிருந்த என் விரலைப் பார்த்தாள், அவள் முகம் மலர்ந்தது. "இருக்கு பாரு, உன் விரல்லயே இருக்கு" என்றாள். "ஏன்யா எடுத்துட்ட? வை, சீக்கிரம் வை." பையன் அந்த வெளிச்சத்தைப் பிடிக்கக் கையை நீட்டிக்கொண்டிருந்தான்.